பச்சை அட்டைக் கேரல் புத்தகம்: நம் ஊர்ப் பாடகர் குழுவுக்கு எவ்வளவு தூரம் உதவும்?

ஆக்ஸ்போர்டு யுனிவர்சிட்டி பிரஸ் 1961இல் வெளியிட்ட ‘கேரல்ஸ் ஃபார் கொயர்ஸ்’ முதல் தொகுதியைப் பற்றித்தான் எழுதுகிறேன். ரெஜினால்ட் ஜாக்கஸ், டேவிட் வில்காக்ஸ் இருவரும் தொகுத்தது. ஐம்பது கிறிஸ்துமஸ் பாடல்கள். அட்டை பச்சை என்பதால் பாடகர் குழுக்காரர்கள் பச்சைப் புத்தகம் என்றே சொல்வார்கள். காரைக்குடியில் ஒரு பள்ளியில் இசை ஆசிரியையாக இருக்கிறேன். ஞாயிறுகளில் ஒரு சின்ன சபையின் கொயரையும் நடத்துகிறேன். இரண்டு இடத்திலும் டிசம்பருக்குப் பாட்டு எடுக்கும் பொறுப்பு என் தலையில்தான். செப்டம்பர் பிறந்தால் போதும், “இந்த வருஷம் என்ன பாட்டு டீச்சர்?” என்று கேட்க ஆரம்பித்துவிடுவார்கள். அதனால் இந்தப் புத்தகத்தோடு பல வருஷப் பழக்கம்.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நாலு பார்ட்டுக்கும் (சொப்ரானோ, ஆல்ட்டோ என்ற பெண் குரல்கள், டெனர், பேஸ் என்ற ஆண் குரல்கள்) ஆள் இருக்கிற சபை, ஸ்டாஃப் நொட்டேஷன் என்ற ஐந்து கோட்டு இசைக்குறி படிக்கத் தெரிந்த ஒருவராவது இருக்கிற சபை, இதைக் கண்ணை மூடிக்கொண்டு வாங்கலாம். பள்ளிக்கூடத்துக்கு வாங்குவதானால் கொஞ்சம் யோசிக்க வேண்டும். இதே வரிசையின் நாலாம் தொகுதியோ, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் பிரதிகளோ அங்கே கூடுதலாக உதவும். எதை வாங்கினாலும், பாட்டு எடுக்கும்போது குழுவின் நல்ல குரலை மனதில் வைத்து எடுக்காதீர்கள். கடைசி வரிசையில் ஓரமாக நிற்கிற பிள்ளைக்கு எது எட்டும் என்று பார்த்து எடுங்கள். டிசம்பரில் மேடை ஏறப்போவது அந்தப் பிள்ளையும்தான்.

புத்தகத்தின் பெருமை எங்கே இருக்கிறது என்றால், சபை மக்கள் பாடும் பாட்டுகளை அது கையாளும் விதத்தில். வில்காக்ஸ் 1957 முதல் 1974 வரை கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரியில் இசை இயக்குநராக இருந்தவர். அங்கே 1918இல் தொடங்கிய ‘ஒன்பது வாசகங்களும் கேரல்களும்’ ஆராதனை 1928 முதல் வானொலியில் ஒலிபரப்பாகி உலகமெங்கும் கேட்கப்படுகிறது. அந்த ஆராதனையில் கொயரோடு கூடியிருக்கும் ஜனமும் சேர்ந்து பாட வேண்டும். அதற்கு ஏற்றபடி எழுதிய பழக்கம் புத்தகம் முழுக்கத் தெரிகிறது. முதல் சில சரணங்களுக்கு எளிய நாலு பார்ட். அப்புறம் ஒரு சரணத்தில் ஜனங்கள் மெட்டைப் பாட, கொயரின் பெண் குரல்கள் அதற்கு மேலே தனியாக ஒரு வரி பாடும். அதை டெஸ்கன்ட் என்பார்கள். கடைசிச் சரணத்தில் எல்லாரும் ஒரே மெட்டைப் பாட, ஆர்கன் மட்டும் அடியில் வேறு கார்டுகளுக்கு, அதாவது சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டுகளுக்கு, மாறும்.

‘ஓ கம் ஆல் யீ ஃபெயித்ஃபுல்’ பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஆறாவது சரணத்தில் டெஸ்கன்ட். ஏழாவதில் ஆர்கன் முற்றிலும் வேறு வழியில் போகிறது. அந்தச் சரணத்தில் ‘வேர்ட் ஆஃப் த ஃபாதர்’ என்ற இடம் வரும்போது விழும் ஒரு கார்டு உண்டு. எங்கள் கீபோர்டு பையன் முதல்முறை அதை வாசித்துவிட்டு, “தப்பா அமுக்கிட்டேனா டீச்சர்?” என்று கையை எடுத்துவிட்டான். தப்பில்லை, அப்படித்தான் எழுதியிருக்கிறது, இன்னும் அழுத்தி வாசி என்றேன். மறுபடி வாசித்தபோது பின்வரிசையில் சும்மா உட்கார்ந்திருந்தவர்கள்கூட நிமிர்ந்து பார்த்தார்கள். வழக்கமாகப் பாடுகிற பாட்டு அந்த ஒரே இடத்தில் பிரமாண்டமாகிவிடும்.

சின்ன சபைகளுக்கு இதில் ஒரு வசதி உண்டு. இந்த மெட்டு தமிழ்ப் பாமாலைப் புத்தகத்திலும் இருப்பதால் சபையில் எல்லாருக்கும் அத்துப்படி. ஆகவே டெஸ்கன்ட் வரும் சரணத்தில் ஜனங்களைத் தமிழிலேயே பாடச் சொல்லுவேன். மேல் வரியைப் பாடும் பெண்கள் ஆங்கில வார்த்தைகளை விட்டுவிட்டு ‘ஆ’ என்று மட்டும் பாடுவார்கள். வார்த்தை மோதாது, உச்சரிப்புக் கவலையும் இல்லை. மூன்று பெண்கள் இருந்தாலே ஆலயம் நிறைந்துவிடும்.

இனி சிரமங்கள். இந்தப் புத்தகம் நினைத்து எழுதிய குரல் வேறு, நம் பிள்ளைகள் கொண்டுவரும் குரல் வேறு. காரைக்குடி வீணைச் சகோதரர்களையும் மிருதங்கம் காரைக்குடி மணியையும் தந்த ஊர் இது. சரளி வரிசை கற்ற பிள்ளைகள் ஒரு வகுப்புக்கு இரண்டு மூன்று பேராவது இருப்பார்கள். சுருதி விலகாது, தாளம் பிசகாது. அதெல்லாம் பெரிய வரம். ஆனால் பாட்டு கற்ற பெண் பிள்ளைகள் ஐந்து, ஐந்தரைக் கட்டைச் சுருதிக்கு (மேற்கத்தியக் கணக்கில் ஜி, ஜி ஷார்ப்) பழகியவர்கள். நெஞ்சுக் குரலில் கீழே பஞ்சமம் வரை தாராளமாக இறங்குவார்கள், மேலே டி வரை போவார்கள். அதற்கு மேல் கத்தலாகிவிடும். ஆங்கிலேயர் எழுதிய கேரலில் ட்ரெபிள் என்ற உச்சக் குரல் மேல் ஈ, எஃப், ஜி என்று லேசாக மிதந்து போக வேண்டும். அதற்குத் தலையில் ஒலிக்கிற மெல்லிய தலைக்குரல் வேண்டும். அந்தக் குரல் நம் பிள்ளைகளிடம் இல்லாமல் இல்லை. யாரும் அவர்களை அதில் பாடச் சொன்னதில்லை, அவ்வளவுதான். வாயை மூடிக்கொண்டு முனகலில் தொடங்கி, மேலிருந்து கீழே இறங்கும் பயிற்சியாகக் கொடுத்தால் கொஞ்ச நாளில் வந்துவிடுகிறது. கீழிருந்து மேலே ஏற்றினால் நெஞ்சுக் குரலையே இழுத்துக்கொண்டு வருவார்கள்.

இதற்காகவே பள்ளியில் ‘ஜாய் டு த வேர்ல்ட்’ பாட்டை முதலில் வைக்கிறேன். வார்த்தைகள் ஐசக் வாட்ஸ் 1719இல் எழுதியவை, மெட்டு லோவெல் மேசன் 1830களில் வெளியிட்டது. அதன் முதல் வரி அப்படியே சங்கராபரணத்தின் அவரோகணம். மேல் ஸட்ஜத்தில் தொடங்கி நி, த, ப, ம, க, ரி என்று படிப்படியாக இறங்கிக் கீழ் ஸட்ஜத்தில் நிற்கும். டி மேஜரில் எடுத்தால் மேல் டி முதல் கீழ் டி வரை சரியாக ஒரு ஸ்தாயி. ஸ்வரமாகச் சொல்லிக் கொடுத்தால் கர்நாடகம் கற்ற பிள்ளைகள் அந்த நிமிஷமே பிடித்துக்கொண்டு பக்கத்துப் பிள்ளைக்கும் சொல்லிக் கொடுத்துவிடுகிறார்கள். பார்ட் பிரிக்காமல் எல்லாரும் சேர்ந்து பாடினாலே போதும், அரங்கம் அதிரும்.

‘சைலன்ட் நைட்’ அப்படி இல்லை. எளிய பாட்டு என்று நினைத்துக் கடைசி வாரத்தில் எடுப்பவர்கள் நிறையப் பேர். 1818 கிறிஸ்துமஸ் முந்தின இரவில் ஆஸ்திரியாவின் ஓபெர்ன்டார்ஃப் ஆலயத்தில் யோசப் மோர் எழுதிய வார்த்தைகளுக்கு ஃபிரான்ஸ் க்ரூபர் மெட்டமைத்து, கிட்டார் துணையோடு இரண்டு பேர் பாட, கொயர் முடிப்பு வரிகளில் சேர்ந்துகொண்ட பாட்டு அது. கேட்க எளிமை. பாடும்போதுதான் தெரியும், கீழ் ஸட்ஜத்திலிருந்து மேல் மத்யமம் வரை போகிறது. ஒரு ஸ்தாயியும் ஒரு நாலாம் ஸ்வரமும். புத்தகங்களில் வழக்கமாகக் காணும் பி ஃப்ளாட்டில் எடுத்தால் கடைசி வார்த்தையில் பிள்ளைகளின் குரல் தரைக்குள் போய்விடும், வெறும் காற்றுதான் வரும். சி மேஜருக்கு ஏற்றினால் கீழே சரியாகிவிடும், மேலே எஃப் வரும். பெரியவர்கள் அதிகம் இருந்தால் பி ஃப்ளாட், ஆறாம் ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் என்றால் சி என்று வைத்துக்கொள்கிறேன். கீபோர்டில் ட்ரான்ஸ்போஸ் பட்டனை அழுத்திவிட்டு, உச்ச வரியைச் சத்தம் குறைத்துத் தலைக்குரலில் பாடச் சொன்னால் அழகாக வரும்.

‘ஹார்க் த ஹெரால்ட்’ விஷயமும் இதேதான். சார்ல்ஸ் வெஸ்லியின் வார்த்தைகள் 1739. மெண்டல்சன் 1840இல் வேறு ஒரு விழாவுக்கு எழுதிய மெட்டை 1855இல் வில்லியம் கமிங்ஸ் இதற்குப் பொருத்தினார். பச்சைப் புத்தகத்தில் இருப்பது ஜி மேஜர். மேல் ஈ வரும் வரியில் எங்கள் சபையில் ஆண்கள் பாதிப் பேர் நிறுத்திவிட்டு அடுத்த வரியில் சேர்ந்துகொள்வார்கள். எஃப் மேஜருக்கு இறக்கினால் உச்சம் டி. எல்லாரும் பாடுகிறார்கள். டெஸ்கன்ட் கொஞ்சம் பளபளப்புக் குறையும், பரவாயில்லை.

ஆண் குரல்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். டெனர் பஞ்சம் எல்லா ஊரிலும் உண்டு, எங்கள் பக்கம் கொஞ்சம் கூடுதல். வாலிபர்கள் படிப்பு வேலை என்று சென்னை, பெங்களூரு போய்விடுகிறார்கள். கேரல் ரவுண்ட்ஸுக்கு வருவார்கள், ஒத்திகைக்கு வர முடியாது. பச்சைப் புத்தகத்தின் நாலு பார்ட்டில் டெனர் வரியை ஒரே ஆள் பாடினால் அவர் தொண்டை கட்டிக்கொண்ட அன்று கட்டடமே சரிகிறது. அப்படிப்பட்ட குழுக்கள் எஸ்.ஏ.பி. (சொப்ரானோ, ஆல்ட்டோ, ஒரே ஆண் குரல்) என்று போட்டிருக்கும் மூன்று பார்ட் அமைப்புகளைத் தேடுங்கள். ஆண்கள் எல்லாரும் ஒரே வரி பாடுவார்கள், அதிக உயரமும் போகாது, அதிக ஆழமும் போகாது. எங்கள் பேஸ் பாடும் அண்ணன் ரயில்வேயில் இருக்கிறார். நொட்டேஷன் தெரியாது. “நம்ம வரி எதுன்னு மட்டும் மஞ்சக் கோடு போட்டுக் குடுங்க டீச்சர், மேல போறப்ப மேல போறேன், கீழ வர்றப்ப கீழ வர்றேன்” என்பார். அப்படித்தான் பாடுகிறார். ஒரு ஸ்வரம் தவறாது.

ஆர்கனுக்கு எழுதிய துணைவரிகளையும் கவனிக்க வேண்டும். காலால் மிதிக்கும் பெடல் வரி அடியில் தனியாக ஓடும். நம்மிடம் இருப்பது 61 கட்டை கீபோர்டு. எல்லாவற்றையும் இரண்டு கையில் வாசிக்கப் பார்த்தால் பையன் திணறுவான். பேஸ் கிட்டார் வாசிக்க ஒருவர் இருந்தால் பெடல் வரியை அவரிடம் கொடுத்துவிடுங்கள். இல்லையென்றால் இடது கை அடி ஸ்வரத்தை மட்டும் பிடிக்கட்டும், நடுவில் வருவதைக் கொயரே பாடிக்கொண்டிருக்கிறது. பழைய மிஷன் பள்ளிகளில் டானிக் சோல்ஃபா (டோ, ரே, மி என்று எழுத்தில் இசை எழுதும் முறை) கற்ற பெரியவர்கள் இருந்தால் அவர்களுக்கும் இந்தப் புத்தகம் உதவாது. சோல்ஃபா வரி இதில் கிடையாது, நாமே பென்சிலால் அடியில் எழுதிக்கொடுக்க வேண்டும்.

எங்கே பாடப்போகிறோம் என்பதையும் சேர்த்தே பாட்டை எடுக்க வேண்டும். இதில் எங்கள் பகுதிக்கு ஒரு தனி விசேஷம் உண்டு. கானாடுகாத்தான், பள்ளத்தூர்ப் பக்கம் செட்டிநாட்டு வீடுகளில் டிசம்பரில் விருந்தினர்களுக்காகப் பாட அழைப்பு வரும். வழவழவென்று சுண்ணாம்புப் பூச்சு பூசிய சுவர், கீழே ஆத்தங்குடிக் கல், பர்மா தேக்குத் தூண்கள், உயரமான கூரை. தூண்கள் நிற்கும் கூடமான பட்டாலையில் நின்று ஒரு ஸ்வரம் பிடித்தால் அது அடங்க நேரமாகும். ‘டிங் டாங் மெர்ரிலி’ போன்ற பாட்டு அங்கே எடுபடாது. அதில் ‘குளோரியா’ என்ற ஒரு சொல்லே நீண்ட ஸ்வரக்கோர்வையாக ஓடும், எதிரொலியில் ஒன்றோடொன்று கலந்து குழம்பிவிடும். அங்கே மெதுவான பாட்டு, நீண்ட ஸ்வரங்கள், இடைவெளி விட்ட வரிகள்தான் எடுக்க வேண்டும். ‘இன் த பிளீக் மிட்வின்டர்’ பாட்டின் ஹோல்ஸ்ட் மெட்டு அங்கே அற்புதமாகக் கேட்கும். பனிக்கட்டியும் உறைந்த பூமியும் பற்றிய வார்த்தைகள் காரைக்குடிக்கு அந்நியம் என்று சிலர் சொல்வார்கள். அந்தக் குளிரைப் பிள்ளைகள் கற்பனை செய்துகொள்கிறார்கள், அதில் ஒரு சிரமமும் இல்லை. ஒன்று மட்டும் கவனம்: அதே வீட்டில் நாலடி தள்ளி வளவு முற்றத்தில் இறங்கி நின்றால் சத்தம் வானத்துக்குப் போய்விடும். தூண் வரிசைக்கு உள்ளே, சுவரை முதுகில் வைத்துக்கொண்டு நிற்க வேண்டும்.

பள்ளி மைதானத்தில் இதற்கு நேர் எதிர். மைக் செட்காரர் இரண்டு மைக் வைத்துவிட்டுப் போவார். பக்கத்தில் நிற்கும் இரண்டு பிள்ளைகளின் குரல் மட்டும் கேட்கும். அங்கே மூன்று பார்ட், நாலு பார்ட் எல்லாம் வீண். எல்லாரும் ஒரே மெட்டு, அல்லது ஒருவர் பின் ஒருவராகத் தொடரும் கேனன். வடகிழக்குப் பருவமழை டிசம்பரிலும் கொட்டும் என்பதால் கடைசி நேரத்தில் நிகழ்ச்சி தகரக் கூரை அடியில் போய்விடலாம். மெல்லிய பாட்டுகள் மட்டுமே வைத்திருந்தால் மழையில் எதுவும் கேட்காது.

பள்ளியில் பாடுகிற பிள்ளைகளில் பெரும்பாலோர் இந்துக்கள், முஸ்லிம்களும் இருக்கிறார்கள். மார்கழி காலைகளில் திருப்பாவை பாடுகிற அதே வாய்தான் மதியம் கேரல் பாடுகிறது. அவர்களுக்குத் தாலாட்டு, நட்சத்திரம், ஆடு மேய்ப்பவர்கள், மணியோசை என்று காட்சி கொண்ட பாட்டுகளை எடுக்கிறேன். ‘அவே இன் அ மேஞ்சர்’ இதற்கு எப்போதும் கைகொடுக்கும். 1895இல் கிர்க்பாட்ரிக் அமைத்த மெட்டு. எஃப் மேஜரில் கீழ் சி முதல் மேல் டி வரைதான், ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கும் கஷ்டமில்லை. இன்னொன்று, நம் ஊரில் ஒத்திகைக் கால அட்டவணை போடுபவர்கள் பிள்ளையார் நோன்பு எந்தத் தேதி என்று பார்த்துவிட்டுப் போட வேண்டும். அன்று மாலை செட்டிநாட்டு நகரத்தார் வீட்டுப் பிள்ளைகள் இழை (திரியிட்ட நோன்பு மாவு) எடுத்துக்கொள்ளப் போய்விடுவார்கள், போகத்தான் வேண்டும். போன வருஷம் ஒரு ஆச்சி என்னைக் கல்லுக்கட்டியில் பார்த்து நிறுத்தி, “நோன்பு அன்னைக்கு எல்லாரும் உக்காந்திருக்கையில எம் பேரன் அந்தத் தொட்டில் பாட்டைப் பாடிக் காமிச்சான் டீச்சர், அவுக அப்பச்சி இன்னொரு தரம் பாடச் சொன்னாக” என்றார். அதைவிட நல்ல விமர்சனம் எந்தப் பாட்டுக்கும் எனக்குக் கிடைத்ததில்லை.

பெண்கள் பள்ளிகளுக்கு இதே வரிசையில் நாலாம் தொகுதி இருக்கிறது. 1980இல் வில்காக்ஸும் ஜான் ரட்டரும் தொகுத்தது. ஐம்பது பாடல்கள், அத்தனையும் சொப்ரானோ, ஆல்ட்டோ குரல்களுக்கு மட்டும். ஆண் குரல் தேவையே இல்லை. சில பாட்டுகளில் பிரிவுகள் அதிகமாக இருக்கும், எளிய பாட்டுகளும் கணிசமாக உண்டு. ஒன்பதாம் வகுப்புக்கு மேல் ஆல்ட்டோ பாடக்கூடிய பெண்கள் ஒரு பத்துப் பேர் இருந்தால் இது நல்ல முதலீடு. 1987இல் வந்த ‘100 கேரல்ஸ் ஃபார் கொயர்ஸ்’ முந்தைய தொகுதிகளில் பிரபலமானவற்றையும் புதியவை சிலவற்றையும் சேர்த்தது. நடத்துநர் கையில் ஒன்று இருந்தால் நல்லது. பிள்ளைகள் கையில் பிடித்துக்கொண்டு நிற்பதற்குக் கனம்.

விலை பெரிய விஷயம்தான். இறக்குமதிப் புத்தகம் என்பதால் ஒரு பிரதியே ஆயிரம் ரூபாயைத் தாண்டும். குழு முழுவதற்கும் வாங்க எந்தச் சின்ன சபையாலும் முடியாது, உடனே ஜெராக்ஸ் கடைக்கு ஓடுவோம். இங்கே நான் கறாராக இருக்கிறேன். இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்து அறுபது ஆண்டு வரை பதிப்புரிமை உண்டு. வில்காக்ஸ் இறந்தது 2015இல். பெரும்பாலான மெட்டுகள் பழையவை, யாருக்கும் சொந்தமில்லை. அவர் எழுதிய டெஸ்கன்டும் கார்டுகளும் உரிமை உள்ளவை. ஆலய ஆராதனையில் பாடுவதற்குச் சட்டம் இடம் கொடுக்கிறது, புத்தகத்தை நகல் எடுப்பது வேறு விஷயம். ஒரு மனிதர் உட்கார்ந்து ஒவ்வொரு ஸ்வரமாக யோசித்து எழுதிய உழைப்பு அது. நாங்கள் இரண்டு பேருக்கு ஒன்று என்று, வருஷத்துக்குச் சில பிரதிகளாக, கிறிஸ்துமஸ் காணிக்கையிலிருந்து சேர்த்தோம்.

அதற்கு முடியாதவர்களுக்குத்தான் சி.பி.டி.எல். (கோரல் பப்ளிக் டொமெய்ன் லைப்ரரி) இருக்கிறது. 1998இல் தொடங்கிய இணைய நூலகம், உரிமைக்காலம் முடிந்த கொயர் இசை ஆயிரக்கணக்கில் இலவசம். தாராளமாக நகல் எடுக்கலாம். பல பாட்டுகளுக்கு பி.டி.எஃப். கூடவே கணினி வாசித்துக் காட்டும் மிடி கோப்பும் இருக்கும். அதை மியூஸ்ஸ்கோர் என்ற இலவச மென்பொருளில் திறந்து, ஆல்ட்டோ வரியை மட்டும் சத்தமாக வைத்து, வேகம் குறைத்து, வாட்ஸ்ஆப்பில் அனுப்பிவிடுவேன். பாத்திரம் கழுவும்போது கேட்டுக் கேட்டு வந்துவிடுவார்கள். சுருதி மாற்றுவதும் அதிலேயே ஒரு நிமிஷ வேலை. குறை என்னவென்றால் தன்னார்வலர்கள் தட்டச்சு செய்தவை என்பதால் தரம் ஒரே மாதிரி இருக்காது. ஒரே பாட்டுக்கு ஐந்து பதிப்பு இருக்கும். அச்சிடுவதற்கு முன் ஒவ்வொரு வரியையும் ஒருமுறை வாசித்துப் பார்த்துவிட வேண்டும். யூடியூப் கரோக்கி டிராக்குகளை நான் சிபாரிசு செய்ய மாட்டேன். சுருதியும் வேகமும் டிராக் செய்தவர் வைத்ததுதான். பிள்ளைகளுக்கு மூச்சு போதாத இடத்தில் டிராக் காத்திருக்காது, கீபோர்டு வாசிக்கும் பையன் காத்திருப்பான்.

பெரிய ஆசையோடு ‘ஹல்லேலூயா கோரஸ்’ எடுக்கலாமா என்று ஒவ்வொரு வருஷமும் யாராவது கேட்பார்கள். ஹாண்டலின் ‘மெசியா’ 1742 ஏப்ரல் 13ஆம் தேதி டப்ளினில் முதலில் அரங்கேறியது. அதில் ஹல்லேலூயா வருவது இரண்டாம் பாகத்தின் முடிவில், பாடுகளுக்கும் உயிர்ப்புக்கும் பிறகு. பிறப்பைப் பாடுவது முதல் பாகம். அதை விடுங்கள், கிறிஸ்துமஸுக்கு உலகமே பாடுகிறது. ஆனால் சொப்ரானோக்கள் படிப்படியாக உச்சத்துக்கு ஏறி ஏறி அங்கேயே நின்று பிடிக்க வேண்டிய பாட்டு அது. பதினைந்து பேர் குழு அதை எடுத்தால் மற்ற எல்லாப் பாட்டின் ஒத்திகையையும் அது விழுங்கிவிடும். அதே உழைப்பில் நாலு கேரல் நன்றாகப் பாடலாம்.

கத்தோலிக்கப் பள்ளிகளில் இருப்பவர்களுக்கு இன்னொரு கவனம். அரையாண்டு விடுமுறைக்கு முன் நிகழ்ச்சி வைப்பதால் அது கிறிஸ்துமஸுக்கு முந்தைய ஆயத்த வாரங்களான திருவருகைக் காலத்தில்தான் விழும். திருவருகைக்கால ஞாயிறு திருப்பலிகளில் ‘உன்னதங்களிலே’ பாடுவதில்லை. ‘ஓ கம் ஓ கம் இம்மானுவேல்’ அந்தக் காலத்துக்கு உரிய பாட்டு. நடபைரவி ராகச் சாயல், பிள்ளைகள் அருமையாகப் பாடுவார்கள்.

கடைசியாக, எந்த ஆங்கிலப் புத்தகமும் தராதது. தமிழ்க் கீர்த்தனை இல்லாமல் எங்கள் கிறிஸ்துமஸ் நிகழ்ச்சி முடியாது, முடியவும் விடமாட்டேன். 1706இல் தரங்கம்பாடிக்கு வந்த ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு காலத்திலிருந்தே ஜெர்மன் மெட்டுகளில் தமிழ் வார்த்தைகளை வைத்துப் பாடி வருகிறோம். அதில் சில அழகாக உட்கார்ந்திருக்கின்றன, பலவற்றில் குறில் நீண்டும் நெடில் சுருங்கியும் போகிறது. தஞ்சாவூர் வேதநாயக சாஸ்திரியார் போன்றவர்கள் எழுதிய கீர்த்தனைகளில் அந்தச் சங்கடமே இல்லை. 1774இல் பிறந்து 1864 வரை வாழ்ந்தவர், சரபோஜி மன்னரோடு ஒன்றாகப் படித்தவர். பல்லவி, அனுபல்லவி, சரணம் என்று நம் மரபிலேயே எழுதினார். கீர்த்தனைப் புத்தகத்தில் ஒவ்வொரு பாட்டின் தலையிலும் ராகமும் தாளமும் போட்டிருக்கும், ஸ்வரம் இருக்காது. மெட்டு காது வழியாகத்தான் வருகிறது, ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும்.

இவற்றுக்கு நாலு பார்ட் போடாதீர்கள் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். புன்னாகவராளி ராகத்தில் ஒரு ஸ்வரம் அசைந்து அடுத்ததைத் தொடும் இடத்தில் கீபோர்டு கார்டு வந்து விழுந்தால் அசைவு செத்துப்போகும். தம்பூரா சுருதி, தபேலா அல்லது மிருதங்கம், எல்லாரும் சேர்ந்து ஒரே மெட்டு, அனுபல்லவியை மட்டும் பெண்கள் தனியாக. சங்கராபரணம், மோகனம் போன்றவற்றில் கடைசிப் பல்லவிக்கு ஒரு எளிய இரண்டாம் குரல் சேர்த்துப் பார்த்திருக்கிறேன், பொருந்துகிறது. பச்சைப் புத்தகத்திலிருந்து இரண்டு பாட்டு, இலவசப் பிரதியிலிருந்து இரண்டு, கீர்த்தனை இரண்டு என்று எடுத்தால் ஒரு சபைக்குத் தாராளம்.

வாங்கப்போகிறவர்களுக்கு: சென்னைக்குப் போகிறவர்கள் யாராவது இருந்தால் அண்ணா சாலை மியூசி மியூசிகலில் கேட்டுப் பார்க்கச் சொல்லுங்கள், புரட்டிப் பார்த்து வாங்கலாம். இணையத்தில் வாங்கினால் தொகுதி எண்ணை மட்டும் நம்பாமல் ஐ.எஸ்.பி.என். எண்ணையும் சரிபாருங்கள். ஒரு விற்பனையாளர் நாலாம் தொகுதிக்குப் பதில் வேறு ஒன்றை அனுப்பிவிட்டு, உறை பிரித்தாகிவிட்டது என்று திரும்ப எடுக்க மறுத்துவிட்டார். ஆகஸ்டுக்குள் ஆர்டர் போட்டால் மாற்றிக்கொள்ள அவகாசம் இருக்கும், செப்டம்பரில் பார்ட் பிரித்து உட்காரலாம்.